கசப்பு மரவள்ளி: அவிச்சா விஷம் போகுமா, போகாதா?

ஓமலூரான்:
"அமேசான் காட்டுல துக்கானோ மக்கள் கசப்பு மரவள்ளியை அவிச்சுத் தின்றாங்க, கொதியில விஷம் போயிடும்"னு நேத்து ஒருத்தர் எழுதியிருக்கார். படிச்சதும் பத்திக்கிட்டு வருது. அவிச்சா போகாதுங்க. கிழங்குல லினமரின்ங்கற சயனைடு அடங்கின சத்து ஒரு பக்கம், அதை உடைச்சு சயனைடா வெளியேத்துற நொதி இன்னொரு பக்கம். துருவினாத்தான் ரெண்டும் சேரும். முழுசா கொதியில போட்டா நொதி செத்துடும், லினமரின் தங்கிடும். அதனாலதான் அந்தப் பொம்பளைங்க துருவி, திப்பித்தியில அடைச்சுப் பிழியறாங்க. பட்டையில பின்னின நீளக் குழாய் அது. மேல்காதை உத்தரத்துல மாட்டி, கீழ்க்காதுல கழியைச் சொருகி, அதுமேல உக்காருவாங்க. குழாய் நீள நீள ஒடுங்கும், சாறு இறங்கும்.

ஆத்தூர் கிழங்கு:
அந்த ஒருத்தர் நான்தான், பேரைச் சொல்லியே எழுதலாம். பிழிஞ்ச சாறைக் கொதிக்க வெச்சுத்தானே துக்குப்பின்னு குழம்புக்கு ஊத்தறாங்க? அங்க மட்டும் கொதியில எப்படிப் போச்சு?

ஓமலூரான்:
அது துருவினதுக்கு அப்புறம் வந்த சாறு. நொதி வேலையை முடிச்சாச்சு. சயனைடு 26 டிகிரியிலயே ஆவியாகும், கொதி விரட்டிடும். துருவல் கரடா இருந்தா இதுவும் நடக்காது.

ஆத்தூர் கிழங்கு:
கொதி கொதிதான். சேலத்துல வீதிக்கு வீதி அவிச்சுத் தின்றோம், எவன் செத்தான்?

ஏற்காட்டு மிளகு:
நாம அவிக்கறது விஷம் கம்மியான ரகம்ண்ணா. மரவள்ளித் தழை மேஞ்ச ஆடு விழறதைப் பார்த்ததில்லையா? ஆனா துருவறது, பிழியறது, பாலைத் தெளிய வெச்சு அடிமாவு எடுக்கறது எல்லாம் நம்ம சேகோ (ஜவ்வரிசி) ஆலை வேலையேதான். நம்ம திப்பிதான் அங்க திப்பித்தி ஆகியிருக்கு.

ஓமலூரான்:
இதை இங்க இழுக்காதீங்க. திப்பித்தி, பிரேசில் பழங்குடிகளோட துப்பி மொழிச் சொல், டாப்பியோக்காவும் அந்த மொழியிலருந்து வந்ததுதான். நம்ம திப்பி சக்கை, அது கருவி. நாம திப்பியை மாட்டுக்குப் போடறோம். அங்க பிழிஞ்ச சக்கைதான் சாப்பாடே: சலிச்சு, சூடான தட்டுல பரப்பி பேஜுங்கற ரொட்டி சுடுவாங்க, கிளறி வறுத்தா ஃபரிஞ்ஞாங்கற வறுத்த மாவு.

ஏற்காட்டு மிளகு:
தமிழ்னு சொன்னாலே உங்களுக்கு எரியும். சாமை விவாதத்துலயும் இதேதான் பண்ணீங்க.

தாரமங்கலத்தான்:
மூணு நாலு நாள் தண்ணியில ஊறப்போட்டு, கிழங்கு புளிச்சு மெத்துனு ஆனதும் பிசைஞ்சு பிழியற முறையும் அங்க உண்டு. அதை ஏன் யாரும் பேசலை?

ஓமலூரான்:
அங்கயும் ஊறித்தான் போகுது, அவிச்சு இல்லை.

ஆத்தூர் கிழங்கு:
சுத்தி வளைக்காதீங்க. துக்குப்பியைக் கொதிக்க வைக்கறாங்களா இல்லையா? அதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க.

ஓமலூரான்:
சொல்லியாச்சு. மேல போய்ப் படிங்க.