மகனுக்கு ரக்பியா, அமெரிக்கன் ஃபுட்பாலா? தலைக்காயம் பற்றி அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். என் மகனுக்கு 14 வயது. ரக்பி அல்லது அமெரிக்கன் ஃபுட்பால், இரண்டில் ஒன்றில் சேர்ந்தே ஆக வேண்டும் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான். எனக்குப் பயமெல்லாம் தலையில் படும் அடியைப் பற்றித்தான்.

ஹெல்மெட் இருப்பதால் அமெரிக்கன் ஃபுட்பால்தான் பாதுகாப்பு என்று முதலில் நினைத்தேன். படித்துப் பார்த்தால் அப்படி இல்லை. ஹெல்மெட் மண்டை ஓடு உடையாமல் காக்கும்; உள்ளே மூளை குலுங்குவதை அது தடுத்துவிடாது. தலை பத்திரம் என்ற தைரியத்தில் தலையாலேயே முட்டுபவர்களும் உண்டு. 2002-இல் இறந்த அமெரிக்கன் ஃபுட்பால் வீரர் மைக் வெப்ஸ்டரின் மூளையை ஆராய்ந்த டாக்டர் பென்னட் ஒமாலு, அதில், தலையில் திரும்பத் திரும்ப அடிபடுவதால் வரும் சி.டி.இ. என்ற மூளைச் சிதைவு நோயைக் கண்டார்.

சரி, ரக்பி? பந்து வைத்திருப்பவரை மட்டுமே டேக்கிள் செய்யலாம் (பிடித்துக் கீழே வீழ்த்தலாம்), அதுவும் தோளுக்குக் கீழே. ஆனாலும் 2003 உலகக் கோப்பையை வென்ற இங்கிலாந்து அணியின் ஸ்டீவ் தாம்சனுக்கு நாற்பதுகளிலேயே டிமென்ஷியா என்ற மறதி நோய். அந்தக் கோப்பையை வென்றதே நினைவில் இல்லை என்று அவர் சொன்னதைப் படித்த இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

பிள்ளைகளை இவற்றில் சேர்த்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள். பயிற்சியில் வாரத்துக்கு எத்தனை நாள் மோதி ஆட விடுகிறார்கள்? தலையில் அடிபட்டால் உடனே வெளியேற்றுகிறார்களா? திரும்ப ஆட விடும் முன் மருத்துவர் பார்க்கிறாரா? அப்புறம், டேக்கிளே இல்லாத டச் ரக்பியிலோ ஃபிளாக் ஃபுட்பாலிலோ ஓரிரு வருடம் விட்டுப் பார்க்கலாமா?