டெல்லியிலிருந்து பீஜப்பூர் வரை: கட்டுப்படியாகும் சுற்றுலா உண்டா?

யாங்கோன் உறவுகளுக்கு ஸலாம். ஓர் உதவி வேண்டும்.

என் அத்தா நாற்பது ஆண்டுகள் இங்கே கொத்தனாராக இருந்தவர். கடைசி முகலாய அரசர் பகதூர் ஷா ஜஃபரின் தர்காவுக்குப் போனால் கீழ்த்தளத்துக் கபுறின் முன் நெடுநேரம் நிற்பார். 1862இல் இங்கே அடக்கமான அந்த அரசரின் ஊரைக் கண்ணால் பார்த்துவிட வேண்டும் என்பது அவருடைய ஆசை. இப்போது வயது 71. இனியும் தள்ளிப்போட எனக்கு மனமில்லை.

டெல்லியில் செங்கோட்டை, குதுப் மினார், 1857இல் ஜஃபர் பிடிபட்ட ஹுமாயூன் கல்லறை, பிறகு ஆக்ரா, ஃபத்தேபூர் சிக்ரி, முடிந்தால் கர்நாடகத்திலுள்ள பீஜப்பூர். அங்குள்ள கோல் கும்பஸ் கல்லறையின் குவிமாடம் ஏறத்தாழ 44 மீட்டர் அகலம், நடுவே ஒரு தூண்கூட இல்லை என்று சொன்னேன். அத்தா மேசைமேல் விரலால் வளைவு போட்டுப் பார்த்து, "சாந்தில் என்ன கலந்தார்களோ?" என்று கேட்டார். அந்தக் கேள்விக்கு நின்று நிதானமாகப் பதில் சொல்லும் வழிகாட்டிதான் எனக்கு வேண்டும். மணிக்கொரு கடைக்கு இழுத்துச் செல்பவர் வேண்டாம்.

தமிழில் விளக்குபவர் கிடைத்தால் பெரும் பாக்கியம். உருதுவும் அத்தாவுக்குப் புரியும். சிறு குழு, ரயில் பயணம், எளிய விடுதி போதும். முழங்கால் வலி இருப்பதால் படிகள் அதிகம் ஏற முடியாது. தாஜ்மகாலுக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை என்பதால் நாள்களையும் பார்த்து அமைக்க வேண்டும்.

இப்படிப் போய் வந்தவர்கள் யாருடன் போனீர்கள், தலைக்கு எவ்வளவு ஆனது, பீஜப்பூரைத் தனியாக வைத்துக்கொள்வது நல்லதா என்று தயவுசெய்து எழுதுங்கள்.