பெண் பாங்கு சொன்னது பற்றி வீட்டுக் குழுவில்

உம்மா: யாரோ ஒரு வீடியோ அனுப்பியிருக்கிறார்கள், டென்மார்க்கில் ஒரு பெண் தொழுகைக்கு அழைத்து பாங்கு சொல்கிறாராம். மூத்தவளே, நீ அங்கேதானே படித்தாய், உண்மையா?

ராத்தா: உண்மைதான் உம்மா, மரியம் பள்ளிவாசல். கோபன்ஹேகன் கடைத்தெருவில் ஒரு சாப்பாட்டுக் கடைக்கு மேல் மாடி. 2016 ஆகஸ்டில் முதல் ஜும்ஆ, வெள்ளிக்கிழமைத் தொழுகை. அதைத் தொடங்கிய ஷெரின் கான்கான் பாங்கு சொல்ல, சாலிஹா மரி ஃபெத்தே குத்பா உரை ஓதினார், 60 பெண்களுக்கு மேல் வந்தார்கள். கான்கானின் வாப்பா சிரியாக்காரர், தாய் பின்லாந்துக்காரர்.

மாமா: ஜும்ஆ என்று சொல்லாதே மகளே. நாம் பின்பற்றுகிற ஷாஃபி மத்ஹபின் சட்டப்படி அதற்கு 40 ஆண்கள் வேண்டும்.

ராத்தா: அதில் உங்களோடு வாதாட எனக்கு மார்க்க அறிவு இல்லை மாமா. ஆனால் பெண்களுக்குப் பெண் தொழ வைப்பது நம் மத்ஹபில் கூடும்தானே, நபியின் மனைவி ஆயிஷா நாயகி பெண்கள் வரிசையின் நடுவில் நின்று தொழ வைத்ததை நீங்கள்தானே எங்களுக்குச் சொன்னீர்கள். அங்கே வெள்ளிக்கிழமை பெண்கள் மட்டும்தான். ஆணும் பெண்ணும் கலந்து தொழுவது பெர்லினில், 2017இல் ஸெய்ரான் அதெஷ் ஒரு தேவாலயக் கட்டடத்தில் தொடங்கிய பள்ளி. அது வேறு, இது வேறு.

நான்: மற்ற நாளில் அங்கே என்ன நடக்கும் ராத்தா?

ராத்தா: அதுதான் தம்பி பெரிய வேலை. கோர்ட்டில் விவாகரத்து கிடைத்தும், மார்க்கப்படி விடுவிக்காமல் இழுத்தடிக்கிற புருஷன்மார் அங்கேயும் இருக்கிறார்கள், அந்தப் பெண்களுக்குப் பிரிவு பெற்றுத் தருகிறார்கள். நிக்காஹ் என்றால் ஒப்பந்தத்திலேயே எழுதிவிடுவார்கள்: இரண்டாம் மனைவி கூடாது, பிரியும் உரிமை மனைவிக்கும் உண்டு, அடியோ மனக்கொடுமையோ நடந்தால் நிக்காஹ் ரத்து, பிரிந்தால் பிள்ளைகள் மேல் இருவருக்கும் சம உரிமை.

உம்மா: நீ போனாயா?

ராத்தா: ஒரே ஒரு தடவை. எத்தனையோ பள்ளியில் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து, ஸ்பீக்கர் கரகரப்புக்கு நடுவே பாதி குத்பாதான் காதில் விழுந்திருக்கிறது. அன்று இமாமின் முகத்தைப் பார்த்துக்கொண்டே கேட்டேன் உம்மா. பக்கத்தில் தோள் ஒட்டி நின்ற சோமாலி அக்கா துஆ முடிந்தும் கையை இறக்கவில்லை, முந்தானை நனையும் அளவுக்கு அழுதார். எனக்கும் அழுகை வந்துவிட்டது.

மாமா: இரண்டாம் மனைவி கூடாது என்ற நிபந்தனை ஹம்பலி மத்ஹபில் செல்லும். அது புதிதில்லை.

உம்மா: சரி, அந்த நாலு நிபந்தனையையும் எனக்குத் தனியாக எழுதி அனுப்பு. சின்னவளுக்குச் சம்பந்தம் பேச ஞாயிற்றுக்கிழமை வருகிறார்கள்.