சிம்ஸ் 4: குழந்தைகளை வேறு வீட்டுக்கு மாற்ற வழி சொல்லுங்கள்

வணக்கம். சிம்ஸ் 4 என்ற வீடியோ கேமில் நான் நடத்தும் குடும்பத்தில் இப்போது எட்டுப் பேர். ஒரு வீட்டுக்கு அதுதான் வரம்பு. மூத்த மகளுக்குக் கல்யாணம் முடிந்தும் மாப்பிள்ளையை வீட்டோடு சேர்க்க இடமில்லை. அதனால் கடைசி மூன்று சிறுவர்களை வேறு குடும்பத்துக்கு அனுப்பலாம் என்று நினைக்கிறேன். அவர்களை மட்டும் தனிக் குடும்பமாகப் பிரிக்கப் பார்த்தேன், பெரியவர் ஒருவராவது உடன் இருக்க வேண்டுமாம்.

சாகடிக்கும் வழிகள் தயவுசெய்து வேண்டாம். மூன்று பேரையும் தொட்டிலிலிருந்து வளர்த்தவள் நான், மனசு வராது.

புதிதாக ஒரு பாட்டியை உருவாக்கி, அவர் வீட்டுக்கு இவர்களை மாற்றினால் அண்ணன் தம்பி உறவும் குடும்ப மரமும் அப்படியே இருக்குமா? அப்புறம், நான் விளையாடாத வீட்டில் அவர்கள் வளர்ந்துவிடாமல் இருக்க வயது அமைப்பை எப்படி வைப்பது? செய்து பார்த்தவர்கள் சொல்லுங்கள்.