அரசாணை 252 விழுந்தது, அரசாணை 71 நின்றது எதனால்?

கரும்பலகை:
அனைவருக்கும் வணக்கம். 2013இல் நடந்த ஆசிரியர் தகுதித் தேர்வில் (டெட்) தேர்ச்சி பெற்று, சான்றிதழ் சரிபார்ப்பு வரை சென்றும் பணி கிடைக்காதவர்களில் நானும் ஒருத்தி. மதிப்பெண் தாராளமாகக் கிடைக்காத 1990களில் மேனிலைத் தேர்வு எழுதியதே வெயிட்டேஜில், அதாவது மேனிலை முதல் டெட் வரையிலான மதிப்பெண்களுக்குப் பங்கு வகுத்துத் தரவரிசைப்படுத்தும் முறையில், எனக்குப் பாதகமாயிற்று. முதலில் வந்த வெயிட்டேஜ் முறையை ரத்து செய்த நீதிமன்றங்கள், அடுத்து வந்த அரசாணை 71ஐ மட்டும் ஏற்றுக்கொண்டது எப்படி? இனி வழக்குத் தொடுக்க வழி உண்டா?

தென்பொருநை:
சகோதரி, 2012ஆம் ஆண்டின் அரசாணை 252 மதிப்பெண்களை அடுக்குகளாகப் பிரித்திருந்தது. டெட் தேர்வில் 150க்கு 90 எடுத்தவருக்கும் 104 எடுத்தவருக்கும் வெயிட்டேஜ் 42தான்; 105 எடுத்தவருக்கோ 48. பதினான்கு மதிப்பெண்ணுக்கு ஒன்றுமில்லை, அதற்கு மேல் ஒரே மதிப்பெண்ணுக்கு ஆறு என்ற இந்தக் கணக்கை எந்த வழக்குரைஞராலும் நியாயப்படுத்த முடிந்திருக்காது. சென்னை உயர் நீதிமன்றம் 2014இல் அதை ரத்து செய்தது. அதன்பின் வந்த அரசாணை 71, பட்டதாரி ஆசிரியர்களுக்கு மேனிலைக்கு 10, பட்டத்துக்கு 15, பி.எட்.டுக்கு 15, டெட்டுக்கு 60 எனப் பங்கிட்டு, அவரவர் பெற்ற சதவீதத்தை அப்படியே கணக்கிட்டது. பழைய மதிப்பெண்ணும் புதிய மதிப்பெண்ணும் ஒன்றல்ல என்ற உங்கள் வாதம் லாவண்யா வழக்கில் உச்ச நீதிமன்றம் வரை சென்றது. ஆனால் இத்தகைய அளவுகோலை வகுப்பது அரசின் கொள்கை முடிவு என்று 9.11.2016 அன்று தீர்ப்பாயிற்று. இதைவிட நேர்மையான முறை ஒன்று இருக்கக்கூடும் என்பது ஓர் அரசாணையை வீழ்த்தப் போதாது. அது தன்னிச்சையானது என்றே காட்டியாக வேண்டும். எனக்கு அந்தத் தீர்ப்பில் மனநிறைவு இல்லை, ஆயினும் சட்டநிலை அதுதான்.

மேலவீதி:
அதே தீர்ப்பில் அரசாணை 25உம் இருந்தது. இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்குத் தேர்ச்சி வரம்பை 60இலிருந்து 55 சதவீதமாகத் தளர்த்திய அந்த ஆணையை, 2014 செப்டம்பரில் சில நாள் இடைவெளியில், சென்னை அமர்வு ஏற்றுக்கொள்ள, மதுரைக் கிளை ரத்து செய்தது. ஒரே ஆணை வைகைக் கரையில் செல்லாது, கூவம் கரையில் செல்லும் என்ற நிலை! தேர்வு முடிந்தபின் விதியை மாற்றலாமா என்பதே எதிர்ப்பாளர்களின் வாதம்; உச்ச நீதிமன்றம் அதை ஏற்காமல் தளர்வை நிலைநிறுத்தியது.

தென்பொருநை:
இரண்டாம் கேள்விக்கு வருகிறேன். உச்ச நீதிமன்றம் முடித்துவைத்த அதே வாதத்தை உயர் நீதிமன்றத்தில் மீண்டும் எழுப்பிப் பயனில்லை. மேலும், 2018இன் அரசாணை 149 வெயிட்டேஜைக் கைவிட்டு, டெட் தேர்ச்சியை வெறும் தகுதியாக்கி, பணி நியமனத்துக்குத் தனிப் போட்டித் தேர்வை வைத்தது. உங்கள் தேர்ச்சிச் சான்றிதழ் வீணாகவில்லை. அதற்கு இருந்த ஏழாண்டு வரம்பை நீக்கி, வாழ்நாள் முழுதும் செல்லும் என்று 2021இல் ஆசிரியர் கல்விக்கான தேசியக் கழகம் அறிவித்துவிட்டது.

கரும்பலகை:
விளக்கத்துக்கு நன்றி ஐயா. தகுதி நிரூபிக்கப்பட்ட பின்னும் மீண்டும் ஒரு தேர்வா என்ற மனக்குறை இருக்கிறது. ஆயினும், எனக்குப் பாதகமாயிருந்த மேனிலை மதிப்பெண் அதில் சேராது என்ற அளவில் விண்ணப்பிக்கவே எண்ணுகிறேன்.