மரவெட்டு வேறு, மரப்பொறிப்பு வேறு

நண்பர்களுக்கு வணக்கம்.

ஆங்கிலேயக் கலைஞர் குவென் ராவெரா பற்றிய நம் கட்டுரையில், 'wood engraver' என்பதற்கு 'மரச்செதுக்குக் கலைஞர்' என்று குறித்திருப்பதை மாற்றிவிட வேண்டும். மரச்செதுக்கு என்றதும் நமக்குத் தேர்ச் சிற்பமும் வாசற்கதவும்தான் கண்முன் வருகின்றன. அவர் செய்ததோ, மரக்கட்டையில் படத்தைப் பொறித்து மை தடவித் தாளில் எடுக்கும் அச்சுக்கலை.

'மரவெட்டு' போதுமே என்ற கருத்தையும் படித்தேன். தி.நகர் பாத்திரக் கடையில் குடத்துக்குப் பெயர் 'வெட்டுவது' என்றுதானே சொல்கிறோம் என்ற வாதம் வலுவானது. ஆனால் மரவெட்டு (woodcut), பலகையின் நெடுக்குவாட்டில் கத்தியாலும் உளியாலும் வெட்டும் முறைக்கே பொருந்தும். ராவெராவின் முறையில் மரத்தைக் குறுக்கே அறுத்து, வளையம் தெரியும் முகத்தில் வேலை செய்ய வேண்டும். அங்கே இழை கருவியைத் தன் பக்கம் இழுக்காது. மயிரிழை போன்ற கோடும் உடையாமல் நிற்கும். போன மாதம் ராயப்பேட்டையில் ஓர் அச்சக நண்பரிடம் அப்படி ஒரு கட்டையைக் கையில் வாங்கிப் பார்த்தேன். உள்ளங்கை அளவுதான்; ஆனால் கல்லைப் போன்ற கனம். உயரம் சரியாக அச்சுக்கோக்கும் ஈய எழுத்தின் உயரம், ஏறத்தாழ 23 மில்லிமீட்டர். எழுத்தோடு சேர்த்துக் கோத்து ஒரே அழுத்தில் அச்சிட அந்த உயரம் வேண்டும்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இது பெரும்பாலும் கூலி வேலை. ஒருவர் வரைவார், இன்னொருவர் பொறிப்பார். ஒளிப்பட அச்சு வந்து அந்தத் தொழிலை விழுங்கிய பிறகு, வரைபவரே பொறிக்கும் தனிக் கலையாக அதை மீட்டவர்களுள் முன்வரிசையில் நின்றவர் ராவெரா. 1885இல் கேம்பிரிட்ஜில் பிறந்த இவர் சார்லஸ் டார்வினின் பேத்தி. 1908இல் லண்டன் ஸ்லேட் (Slade) கலைப் பள்ளியில் ஓவியம் படிக்கச் சேர்ந்தார். பொறிப்பைக் கற்றுக்கொடுத்தவர் சித்தப்பா மகன் பெர்னார்டின் மனைவி எலினார். நம் முறையில் அண்ணி. 1920இல் மரப்பொறிப்பாளர் சங்கத்தை நிறுவியவர்களுள் ஒருவரானார். 1925இல் கணவர் ஜாக் நோயில் மறைந்த பிறகு, இரண்டு மகள்களை வளர்த்துக்கொண்டே பொறித்தார். 1951இல் பக்கவாதம் வந்து அந்தக் கையை நிறுத்தியது. இப்படி வாழ்ந்தவருக்கு நாம் தரும் சொல் இன்னொரு கலையின் பெயராக இருக்கக் கூடாது.

என் பரிந்துரை 'மரப்பொறிப்பு'. கல்லிலும் செப்பேட்டிலும் பொறித்த மொழிக்கு இது அந்நியமாகாது. 'மரப்பொறி' என்று சுருக்கினால்தான் எலிப்பொறி நினைவுக்கு வரும்.

கட்டையில் கோடு பொறிக்கும் கருவிக்கு என்ன பெயர் வைப்பது? 'உளி' வேண்டாம், உளி சுத்தியலின் அடி வாங்குவது. இது உள்ளங்கையால் தள்ளுவது. தோல் மணற்பையின் மேல் கட்டையை வைத்து, கருவியை நிலையாகப் பிடித்துக் கட்டையைத் திருப்புவார்கள். எழுத்தாணி நிற்க ஓலையை நகர்த்தி எழுதிய நம் முன்னோரின் கைப்பழக்கமும் இதுதான். ஆகவே ஆணி என்று முடியட்டும். 'பொறிப்பாணி' என்றால் 'பாணி' என்று பிரித்துப் படித்துவிடுவார்கள். 'பொறியாணி' எனக்குப் பிடித்திருக்கிறது. நகைப் பட்டறையில் இதைப் போன்ற கருவிக்கு ஏற்கெனவே ஒரு சொல் வழங்கினால் அதையே எடுத்துக்கொள்வோம். தெரிந்தவர்கள் எழுதுங்கள்.