மறு: 'தாமத மன்னிப்பு' என்பதை மாற்ற வேண்டும்

அனைவருக்கும் வணக்கம்.

கெடு தாண்டி வந்த மேல்முறையீட்டையோ மனுவையோ, போதிய காரணம் இருந்தால், கோர்ட் எடுத்துக்கொள்வதுதான் கண்டோனேஷன் ஆஃப் டிலே. அதற்குத் தமிழில் 'தாமத மன்னிப்பு' போதும், கோர்ட்டில் அப்படித்தானே எழுதுகிறோம் என்று நேற்று ஒரு நண்பர் கேட்டிருந்தார். உண்மைதான். நானும் பல வருடங்களாகப் பிரமாணப் பத்திரத்தில் 'காலதாமதத்தை மன்னித்து' என்றுதான் எழுதிவந்தேன். ஒரு பாட்டி கேட்ட கேள்விக்கு அப்புறம் அந்தச் சொல் கையில் ஓடவில்லை.

வரப்புத் தகராறு, முன்சீப் கோர்ட்டில் தோற்றுவிட்டார். 30 நாளுக்குள் சப் கோர்ட்டில் அப்பீல் போட்டிருக்க வேண்டும். மகனை லாரி மோதி, ஆஸ்பத்திரியே கதி என்று கிடந்ததில் அதற்கு மேல் 47 நாள் ஓடிவிட்டது. கைநாட்டு வைக்கும் முன் மனுவைப் படித்துக் காட்டினேன். கட்டைவிரலில் மை அப்படியே இருக்க, "நான் என்ன தப்புப் பண்ணேன், மன்னிப்புக் கேட்க?" என்றார்.

சட்டமும் அவர் பக்கம்தான். 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 5ஆம் பிரிவில் மன்னிப்பு என்ற பேச்சே கிடையாது. உரிய நாளில் வராததற்குப் போதிய காரணம் இருந்தது என்று நீதிமன்றத்துக்குத் திருப்தி ஏற்பட்டால், கெடு முடிந்த பிறகும் மேல்முறையீட்டை அனுமதிக்கலாம் என்றுதான் இருக்கிறது. தாமதம் என்றாலே வேண்டுமென்று செய்ததாகக் கருதக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1987இல், அனந்த்நாக் நில ஆர்ஜித வழக்கில் சொன்னது. அங்கே தாமதம் வெறும் 4 நாள். அதற்கே உயர் நீதிமன்றம் கதவைச் சாத்தியிருந்தது. குற்றம் இருந்தால்தானே மன்னிப்பு? ஆளுநர் கைதிக்குத் தருவதற்கும் அதே சொல்லைத்தான் வைத்திருக்கிறோம்.

'தாமத ஏற்பு' என்ற யோசனை சட்ட வாசகத்துக்கு நெருக்கமானது. ஆனால் 'தாமதமாக ஏற்றார்கள்' என்றும் அதைப் படிக்கலாம். தாமதம் தீர்ந்து மனு எண்ணிடப்பட்ட பிறகு அட்மிஷன் (விசாரணைக்கு எடுத்துக்கொள்வது) என்று ஒரு கட்டம் வருகிறதே, அதற்கு 'ஏற்பு' வேண்டும். 'காலக் கழிவு' என்ற சொல்லும் பொருந்தாது, அது சில நாட்களைக் கெடுவில் சேர்க்காமலே விடுவது: கொரோனாவின்போது 15.03.2020 முதல் 28.02.2022 வரையான நாட்களை உச்ச நீதிமன்றம் எல்லாருக்கும் பொதுவாகக் கணக்கிலிருந்து நீக்கியது அந்த வகை.

நான் முன்வைப்பது 'தாமதப் பொறுத்தல்'. 'கொஞ்சம் பொறு' என்றால் காத்திரு என்று பொருள். 'பொறுத்துக்கொள்' என்றால் தாங்கிக்கொள். காலமும் தாங்குதலும் ஒரே வினையில் இருக்கின்றன. கேட்பவர் குற்றவாளி ஆகாமலும் கேட்கலாம். பொறுப்பதும் பொறுக்காததும் நீதிபதியின் விருப்புரிமை என்பதும் அதிலேயே வந்துவிடுகிறது. ஏனென்றால் இதை யாரும் உரிமையாகக் கேட்க முடியாது.

வாக்கியத்தில் வைத்துப் பார்த்தேன். '1998இல், சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கில் 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் பொறுத்தது. நாள் கணக்கைவிட விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்றது.' 'அஞ்சல் துறையின் 427 நாள் தாமதத்தை 2012இல் பொறுக்கவில்லை.' 'நடுவர் (ஆர்பிட்ரேட்டர்) தீர்ப்பை எதிர்க்க 3 மாதம். அதற்கு மேல் 30 நாள் வரை பொறுக்கலாம், பிறகு பொறுக்கும் அதிகாரமே இல்லை.' மூன்றிலும் சொல் இடறவில்லை.

ஒரு சிக்கல் இருக்கிறது. 'பொறுப்பு' என்று சுருக்க முடியாது, அது கடமையாகிவிடும். 'பொறுதி' என்ற பழைய சொல்லை எடுக்கலாம், அழகாகவும் இருக்கிறது. ஆனால் அந்தப் பாட்டிக்கு அதையும் நான் விளக்க வேண்டியிருக்கும். 'தாமதத்தைப் பொறுத்து அப்பீலை எடுத்துக்கச் சொல்லிக் கேட்கிறோம் பாட்டி' என்றால் விளக்கமே வேண்டாம்.

மறுப்பு இருந்தால் இந்த வாரமே எழுதுங்கள். திங்கட்கிழமை ஒரு தாமத மனு தாக்கல் செய்ய வேண்டும். தலைப்பில் 'தாமதப் பொறுத்தல் மனு' என்று போடலாம் என்றிருக்கிறேன்.